ஜூலை 1983: இறந்தவர்களின் பெயர்களைப் பதிவு செய்ய வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஆண்டுதோறும் ஜூலைக் கடைசியில், 1983இல் கொழும்பில் தமிழர்கள் மீது நடந்த இனவன்முறை பற்றிய கட்டுரைகள் நம் ஏடுகளில் வெளிவருகின்றன. யாழ்ப்பாணம் திருநெல்வேலியில் இராணுவத்தினர் 13 பேர் கொல்லப்பட்டதும், ஜூலை 24 இரவு பொரளையில் தொடங்கிய தீவைப்பும், வாக்காளர் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு தமிழர் வீடுகளைத் தேடிச் சென்ற கும்பல்களும், வெலிக்கடைச் சிறையில் 53 கைதிகள் கொல்லப்பட்டதும் அவற்றில் தவறாமல் இடம்பெறுகின்றன. ஆனால் தெருவிலும் கடையிலும் மாண்டவர்களுக்கு முழுமையான பெயர்ப்பட்டியல் இன்றுவரை இல்லை. அரசுத் தரப்பு சில நூறு பேர் என்றது. தமிழர் தரப்பு 3,000 பேர் வரை என்கிறது. இவ்வளவு பெரிய இடைவெளிக்குள்தான் என் தாய்மாமா இருக்கிறார்.

புறக்கோட்டையில் ஒரு துணிக்கடையில் வேலை பார்த்த அவர், 25ஆம் தேதி திங்கட்கிழமை காலை கடைக்குப் போனவர் திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை, இறப்புச் சான்றும் இல்லை. 2004இல் அன்றைய அதிபர் சந்திரிகா குமாரதுங்க அந்த வன்முறைக்காக மன்னிப்புக் கேட்டபோதும் எங்கள் குடும்பத்துக்கு ஒரு துண்டுத்தாள்கூட வந்து சேரவில்லை. இறந்த திதி தெரியாததால் ஆடி அமாவாசையன்று திருவொற்றியூர்க் கடற்கரையில் என் தம்பி அவருக்காக எள்ளும் தண்ணீரும் இறைக்கிறான்.

எங்களிடம் எஞ்சியிருந்தது ஒரே ஒரு புகைப்படம். 2015 டிசம்பர் வெள்ளம் வீட்டுக்குள் புகுந்தபோது அது கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டு, பாதி முகம் அழிந்துவிட்டது. செங்குன்றத்தில் ஒரு ஸ்டூடியோவில் கொடுத்துச் சரிசெய்து வாங்கினோம். அழிந்த பக்கத்தில் அவர்களாகவே கண்ணும் புருவமும் வரைந்து, வகிட்டையும் மாற்றியிருந்தார்கள். அம்மா அதை வெகுநேரம் பார்த்துவிட்டு, "அண்ணனுக்கு நெற்றி இவ்வளவு அகலம் இல்லை" என்றார். அதைச் சொல்வதற்கு இன்று அவர் ஒருவர்தான் உயிரோடு இருக்கிறார் என்பதை எண்ணியே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

2021இல் அகதிகள் முகாம்கள் மறுவாழ்வு முகாம்கள் எனப் பெயர் மாற்றப்பட்டதை மனமார வரவேற்றோம். அதே அக்கறையோடு, தமிழக அரசு புழல், கும்மிடிப்பூண்டி உள்ளிட்ட முகாம்களிலும் வெளியிலும் வாழும் முதியவர்களைச் சந்தித்து, 1983இல் அவர்கள் பறிகொடுத்தவரின் பெயர், தகப்பன் பெயர், ஊர், தொழில், கடைசியாகப் பார்த்த இடம் ஆகியவற்றை அவர்கள் குரலிலேயே பதிவு செய்து, எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் வைக்க வேண்டும். தங்கள் நாளிதழும் ஜூலை மாதத்தில், எரியும் கடைகளின் அதே பழைய படத்துக்குப் பதிலாக, நாள்தோறும் சில பெயர்களை வெளியிடலாம். குடும்பத்தார் எழுதி அனுப்புவார்கள்.

என் அம்மா பேசத் தயாராக இருக்கிறார். எங்கள் தெருவில் அவரைப் போல இன்னும் சிலர் இருக்கிறார்கள். பெரும்பாலோர் எழுபது வயதைக் கடந்தவர்கள் என்பதால், இப்பணியை அடுத்த ஜூலை வரை தள்ளிப்போடாமல் இப்போதே தொடங்குமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வாசகி,
காவாங்கரை, புழல், சென்னை