அந்த ஊமைப்படத்தை மட்டக்களப்பில் காட்ட வேண்டும்

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

உங்கள் வாரப் பதிப்பின் சினிமாப் பக்கம் முழுக்கக் கோடம்பாக்கம்தான். சரி, அதை விரும்பி வாசிக்கச் சனம் இருக்கிறது. ஆனால் 1925இல் வந்த ‘ஒரோச்சி’ என்ற ஜப்பானிய ஊமைப்படத்துக்கும் ஒரு கிழமை இடம் கொடுங்கள், நம்மாட்கள் பார்க்க வேண்டிய கதை அது.

புந்தாரோ ஃபுதாகாவா இயக்கிய படம். ஹெய்சபுரோ என்ற ஏழைச் சாமுராய் நேர்மையானவன், கொஞ்சம் முன்கோபி. நல்லதென்று நினைத்து எதைச் செய்தாலும் பழி அவன் தலையில்தான் விழுகிறது, படித்த இடத்திலிருந்து துரத்துகிறார்கள், சிறைக்குப் போகிறான், ஊரே அவனைக் காடையன் என்கிறது. கடைசியில் அவனுக்கு இடம் கொடுக்கிற ஜிரோசோ ஊருக்குப் பெரிய தர்மவான், உள்ளுக்குள் பெண்களைச் சீரழிக்கிறவன். உண்மை தெரிந்ததும் ஹெய்சபுரோ வாளை உருவுகிறான், அதற்குப் பிறகு வருகிற நீண்ட சண்டையில் ஹெய்சபுரோவாக நடித்த பந்தோ த்சுமாசபுரோவின் முகத்தைப் பாருங்கள், கோபத்தை விட அதில் களைப்புத்தான் கூட. கடைசியில் கட்டி இழுத்துப் போவதும் ஹெய்சபுரோவைத்தான்.

இங்கே மட்டும் என்ன நடக்கிறது? வெளிநாட்டு வேலை என்று நம்பிக் காசு கொடுத்தவர்களும் கடனுக்குப் பிணை நின்றவர்களும் படுவான்கரையிலும் இருக்கிறார்கள், கல்முனைப் பக்கமும் இருக்கிறார்கள். என் சித்தப்பா ஒருவருக்குப் பிணைக் கையெழுத்துப் போட்டு வளவை இழந்தார். சொந்தக்காரர் திட்டியது அவரைத்தான். காசை எடுத்தவர் இன்றும் கோயில் திருவிழாவில் முன்னுக்கு நிற்கிறார், ஒருவரும் ஒரு வார்த்தை கேட்பதில்லை. இதை நினைத்தால் எனக்கு இப்போதும் வயிறு எரிகிறது.

ஜப்பானில் இந்தப் படங்கள் சத்தமில்லாமல் ஓடவில்லை. திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்று எல்லாப் பாத்திரத்துக்கும் குரல் மாற்றிப் பேசுவார், அவர் பெயருக்காகவே சனம் டிக்கெட் எடுத்தது. இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணனும் ஒரு பென்ஷிதான். பேசும்படம் வந்த பிறகும் 1930களின் நடுப்பகுதி வரைக்கும் அங்கே ஊமைப்படம் எடுத்ததற்கு இவர்களும் ஒரு காரணம்.

அந்த வேலையைத் தமிழில் செய்ய நம்மிடம் ஆள் இல்லையா? வடமோடிக் கூத்தும் தென்மோடிக் கூத்தும் பழக்கிய அண்ணாவிமார் இருக்கிறார்கள், மத்தளமும் சல்லரியும் இருக்கின்றன. கல்லடி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகப் பிள்ளைகளும் சேர்ந்தால் படத்தைப் பார்த்துத் தமிழில் வசனம் கட்டிவிடலாம். ஒன்றேகால் மணி நேரப் படம்தான், ஒரு பின்னேரம் போதும்.

ஆசிரியர் ஐயா, உங்கள் பத்திரிகை முன்னின்று ஒரு அறிவித்தல் போட்டால், கதிரை தூக்கவும் திரை கட்டவும் எங்கள் ஊர்ப் பொடியன்களைக் கூட்டிக்கொண்டு நான் வருகிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
களுவாஞ்சிகுடி