வட்டார வரலாற்றுச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை, 2024–25

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, ஆட்சிக்குழு உறுப்பினர்களே, பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் அன்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழு தீர்மானித்தபடி, இந்த ஆண்டு முழுவதும் ஒரே பொருளை எடுத்துக்கொண்டோம்: பெரம்பூர், புளியந்தோப்பு, வியாசர்பாடி வட்டாரம், 1914 முதல் 1926 வரை. உலகப் போர், ஆலைத் தொழில், சாதியும் தொழிற்சங்கமும் என்ற மூன்று மாற்றங்கள் ஒரே தெருக்களில் நடந்த காலம் அது. என்ன நடந்தது என்று தேடியதோடு, அதை எப்படி எழுதினால் சரியாக இருக்கும் என்பதற்கும் அதே அளவு நேரம் செலவிட்டோம். இவ்வறிக்கையின் பெரும்பகுதி அதைப் பற்றியதே.

மாதக் கூட்டங்களில் நாம் வகுத்துக்கொண்ட முதல் வேலை, ஒரு பெரிய தாளில் நான்கு பத்திகள் போடுவது: ஆலை, போர், மக்கள், சட்டம். ஆலைப் பத்தியில் 1876இல் பக்கிங்காம் மில் என்ற துணி ஆலை, 1880களில் கர்நாடிக் மில், 1920இல் இரண்டும் ஒரே கம்பெனியாக இணைந்தது. போர்ப் பத்தியில் 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மனியின் எம்டன் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைக் குண்டு வீசி எரித்தது முதல் 1918 நவம்பர் 11 போர் நிறுத்தம் வரை. மக்கள் பத்தியில் 1918 ஏப்ரல் 27 சென்னைத் தொழிலாளர் சங்கத் தொடக்கம், அதே ஆண்டு செப்டம்பரில் நகரில் நடந்த தானியக் கொள்ளை, 1921 வேலைநிறுத்தம். சட்டப் பத்தியில் 1911, 1922 தொழிற்சாலைச் சட்டங்கள், 1926 தொழிற்சங்கச் சட்டம்.

இப்படிப் பத்தி பிரித்து வைத்த உடனேயே ஒன்று தெரிந்துவிடுகிறது. "போருக்குப் பிந்தைய அதிருப்தியில் பிறந்தது சென்னைத் தொழிலாளர் சங்கம்" என்ற வாசகம் பல கட்டுரைகளில் வருகிறது. சங்கம் தொடங்கியது போர் நிறுத்தத்துக்கு ஆறு மாதங்களுக்கு முன்பு. அரிசிப் பஞ்சமும் கொள்ளையும் அதைத் தூண்டின என்று எழுதுவதும் பொருந்தாது. கொள்ளை நடந்தது சங்கம் தொடங்கிய பிறகு. காரணத்தைப் பின்னால் நடந்ததில் தேடக்கூடாது என்பது யாருக்கும் தெரிந்ததுதான். ஆனால் தேதிகளை ஒரே தாளில் எதிரெதிரே எழுதிப் பார்க்காதவரை இந்தப் பிழை கண்ணில் படுவதில்லை.

அப்படியானால் சங்கத்துக்கு முன்னால் இருந்தது என்ன? பெரம்பூரில் செல்வபதி செட்டியாரும் இராமானுஜுலு நாயுடுவும் நடத்திய வேங்கடேச குணாமிருத வர்ஷிணி சபை. இருவரும் வணிகர்கள், ஆலைத் தொழிலாளிகள் அல்லர். பக்திச் சொற்பொழிவுக்குக் கூடிய கூட்டத்தில்தான் ஆலையில் சாப்பாட்டு நேரம் போதாது, மேஸ்திரி அடிக்கிறார் என்ற பேச்சு எழுந்தது. பிறகு அமைந்த தொழிலாளர் சங்கத்துக்கு ஹோம் ரூல் இயக்கத்தவரான பி.பி. வாடியா தலைவரானார், திரு.வி.க. துணை நின்றார். சமூக வரலாறு எழுதுபவர் இந்தச் சபையை ஒரு வரியில் கடந்துவிடக்கூடாது. கூட்டம் போட இடம், கூட்டிப் பழகிய ஆட்கள், பேச்சைக் கேட்டுப் பழகிய மக்கள் ஆகிய மூன்றும் அங்கே ஏற்கெனவே இருந்தன.

அடுத்து விலைவாசி. ஆண்டு முழுவதும் நம்மை அதிகம் உழைக்க வைத்தது இதுதான். அக்கால அரசுப் புள்ளிவிவரங்களில் தானிய விலை பெரும்பாலும் "ரூபாய்க்கு இத்தனை சேர்" என்றே தரப்பட்டிருக்கிறது (சேர் என்பது அக்கால எடை அளவு). எண் குறைந்தால் விலை ஏறியது என்று பொருள். வரைபடம் போடும்போது இதை மறந்தால் பஞ்ச காலம் மலிவுக் காலமாகத் தெரியும். இதைவிட நுட்பமான சிக்கல் சராசரி எடுப்பதில் இருக்கிறது. எடுத்துக்காட்டுக்காக, ஒரு மாதம் ரூபாய்க்கு 8 சேர், அடுத்த மாதம் 4 சேர் என்று வைத்துக்கொள்வோம். சராசரி 6 சேர் என்று போட்டுவிட்டு, ஒரு ரூபாயான 16 அணாவை 6ஆல் வகுத்தால் சேர் ஒன்று சுமார் 2.67 அணா வரும். ஆனால் முதல் மாதம் சேர் 2 அணா, இரண்டாம் மாதம் 4 அணா. மாதந்தோறும் ஒரே அளவு அரிசி வாங்கிய குடும்பத்துக்குச் சராசரி 3 அணா. உண்மைச் சராசரியில் ஒன்பதில் ஒரு பங்கு குறைகிறது. விலை தாறுமாறாக ஏறி இறங்கிய 1918 போன்ற ஆண்டில் இந்தப் பிழை ஏழைக் குடும்பத்தின் துன்பத்தைக் குறைத்தே காட்டும். ஆகவே முதலில் ஒவ்வொரு மாதத்தையும் சேருக்கு இத்தனை அணா என்று மாற்றி, பிறகே சராசரி எடுக்க வேண்டும். நம் வரலாற்றுச் சங்கத்தின் விலைப் பட்டியல் இப்போது இந்த முறையில்தான் தயாராகிறது.

அளவைகளும் அப்படியே. மணங்கு என்றால் எந்த மணங்கு என்று கேட்காமல் எழுதக்கூடாது. சென்னை மணங்கு 25 பவுண்டு, அதாவது 11.3 கிலோ. வங்காள மணங்கு 82 பவுண்டுக்குச் சற்று மேல், 37.3 கிலோ. அனைத்திந்திய அறிக்கைகளில் வருவது பெரும்பாலும் பின்னது. உள்ளூர் வணிகக் கணக்கில் முன்னது. கலந்து எழுதினால் மூன்று மடங்குக்கு மேல் பிழை. பணத்தில் ரூபாய்க்கு 16 அணா, அணாவுக்கு 12 பை. 0–8–6 என்று எழுதியிருப்பதை 86 காசு என்று படித்துவிடக்கூடாது. அது எட்டு அணா ஆறு பை, அரை ரூபாய்க்குச் சற்று மேல்.

கூலியைப் பற்றி ஒன்று. சம்பள விகிதம் வேறு, கைக்கு வந்தது வேறு. இடையில் அபராதம், வராத நாள் பிடித்தம், சம்பளத்தை நிறுத்தி வைத்துத் தருவது எல்லாம் உண்டு. 1936 சம்பளப் பட்டுவாடாச் சட்டம் வந்த பிறகுதான் அபராதம் ரூபாய்க்கு அரை அணாவுக்கு மேல் போகக்கூடாது என்ற வரம்பும், ஆயிரம் பேருக்குக் குறைந்த ஆலையில் 7 நாளுக்குள், பெரிய ஆலையில் 10 நாளுக்குள் சம்பளம் தர வேண்டும் என்ற கெடுவும் வந்தன. நாம் ஆராயும் காலத்தில் இவை இல்லை. விகிதத்தை மட்டும் விலையோடு ஒப்பிட்டு "வாழ்க்கைத் தரம் உயர்ந்தது" என்றோ "தாழ்ந்தது" என்றோ முடிவு கட்டுவது அவசரம்.

தொழிலின் வளர்ச்சியை அளக்க நினைப்பவர்கள் தொழிற்சாலைகளின் எண்ணிக்கையைத்தான் முதலில் எடுக்கிறார்கள். அங்கே சட்டப் பத்தியைப் பார்த்தே தீர வேண்டும். 1881 சட்டம் 100 பேருக்குக் குறையாத ஆலைகளைத்தான் தொழிற்சாலை என்றது. 1891இல் அது 50 ஆனது, 1922இல் 20 ஆனது. 1922க்குப் பிறகு பட்டியல் நீண்டதில் ஒரு பங்கு, அதுவரை கணக்கில் வராத பழைய பட்டறைகளும் அரிசி ஆலைகளும் உள்ளே வந்ததால். அவற்றைப் பிரிக்காமல் "1920களில் தொழில் பெருகியது" என்று எழுதுவது வளர்ச்சியை மிகைப்படுத்தும். மக்கள்தொகைக் கணக்கிலும் இதே எச்சரிக்கை வேண்டும். சென்னை நகரம் 1911இல் சுமார் 5 லட்சத்து 19 ஆயிரம், 1921இல் சுமார் 5 லட்சத்து 27 ஆயிரம். பத்தாண்டில் எட்டாயிரம்தான் கூடியிருக்கிறது என்பதால் யாரும் வரவில்லை என்று ஆகாது. 1918 விஷக் காய்ச்சலில் (இன்ஃபுளுவென்சா) இறந்தவர்களும் அந்தக் கணக்குக்குள் இருக்கிறார்கள். மேலும் 1921 கணக்கெடுப்பு மார்ச்சில் முடிந்தது. வேலைநிறுத்தத்தால் மக்கள் இடம் பெயர்ந்ததை அதில் தேடுவது வீண்.

இனி 1921. மே மாதம் கர்நாடிக் மில்லில் தொடங்கி, ஜூனில் பக்கிங்காம் மில்லும் சேர்ந்து, அக்டோபர் வரை நீண்ட வேலைநிறுத்தம் அது. நீளத்தை ஒவ்வொருவர் ஒவ்வொரு விதமாகச் சொல்வது எந்த ஆலையிலிருந்து எண்ணத் தொடங்குகிறார்கள் என்பதால். ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குத் திரும்பினார்கள். சாதி இந்துக்களும் முஸ்லிம்களும் வெளியே நின்றார்கள். புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. ஆகஸ்ட் 29 அன்று போலீஸ் சுட்டது. வீடிழந்த ஆதிதிராவிடர்களுக்கு வியாசர்பாடியில் அரசு முகாம் போட்டது.

இதை எழுதியவர்களில் ஒரு சாரார் "ஒற்றுமையைக் குலைத்தவர்கள்" என்று வேலைக்குத் திரும்பியவர்களைச் சாடினார்கள். இன்னொரு சாரார் "வெறும் சாதிக் கலவரம்" என்று முடித்தார்கள். இரண்டுமே போதாது என்பதில் நம் சங்கத்தில் கருத்து வேறுபாடு இல்லை. ஆதிதிராவிடத் தலைவர் எம்.சி. ராஜா வேலைக்குத் திரும்பச் சொன்னதற்குக் காரணம் இருந்தது. பல மாதம் சம்பளமின்றித் தாக்குப்பிடிக்க நிலமோ கடன் தரும் ஆளோ இல்லாதவர்களுக்கு வேலைநிறுத்தம் என்பது வேறு பொருள். குடிசை எரிந்த பிறகு அது மேலும் வேறு. அதே சமயம் அரசின் தொழிலாளர் துறை ஆதிதிராவிடர் நலனுக்காகவும் வேலை செய்தது. நீதிக்கட்சித் தலைவர்கள் அதைக் கடுமையாகத் தாக்கினார்கள். ராஜா 1923இல் அக்கட்சியை விட்டு விலகினார். எனவே ஆலை நிர்வாகம், தொழிற்சங்கம், அரசு, நீதிக்கட்சி, ஆதிதிராவிடத் தலைவர்கள் என்று ஐந்து தரப்பின் சான்றையும் தனித்தனியே எழுதிவிட்டு, ஒரே நாளைப் பற்றி ஒவ்வொன்றும் என்ன சொல்கிறது என்று ஒப்பிட வேண்டும். பொதுச் சொல்லான "தொழிலாளர்" என்பதை எழுதும் இடத்தில் எல்லாம், யார் என்று கேட்டுப் பார்க்க வேண்டும். அந்த ஒரு கேள்வி பாதி வாக்கியங்களைத் திருத்திவிடும்.

சான்றுகளின் தரம் பற்றி. எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் அரசாணை எடுப்பவர்கள் துறை, எண், தேதி மூன்றையும் குறிக்க வேண்டும். அரசாணைத் தேதி முடிவெடுத்த நாள், சம்பவம் நடந்த நாள் அல்ல. கோப்புகளை முடிக்கும்போது நிரந்தரமாக வைப்பது, சில ஆண்டு வைத்து அழிப்பது, ஓராண்டில் கழிப்பது என்று வகை பிரிக்கும் வழக்கம் நம் அலுவலகங்களில் இன்றும் உண்டு. தப்பிப் பிழைத்தவை மேலிடம் முக்கியமாகக் கருதியவை. தொழிலாளி கொடுத்த மனு கிடைக்கவில்லை என்றால் மனுவே கொடுக்கப்படவில்லை என்று கொள்ளக்கூடாது. தமிழ்ப் பத்திரிகைகளில் பல இதழ்கள் இன்று கிடைப்பதில்லை. அவற்றின் செய்திகள் அரசு மொழிபெயர்ப்பாளர் தயாரித்த வாராந்திரச் சுருக்கங்களில் இருக்கின்றன. பயன்படுத்தலாம், ஆனால் அதிகாரிகள் கவலைப்பட்ட செய்திகளே அதில் அதிகம் இடம்பெற்றன என்பதை நினைவில் வைத்து. திரு.வி.க.வின் வாழ்க்கைக் குறிப்புகள் 1944இல் வெளிவந்தது. மனிதர்களையும் மனநிலையையும் அறிய அதற்கு இணையான நூல் நமக்கு இல்லை. தேதிக்கு மட்டும் அக்காலப் பத்திரிகையோடு சரிபார்க்க வேண்டும்.

போரின் பக்கத்தில் நம் வேலை இன்னும் தொடக்க நிலையில் இருக்கிறது. பெரம்பூர் ஆலைகளின் காக்கித் துணி ராணுவத்துக்குப் போனது. போர் வந்தது, காக்கி விற்றது, ஆலை வளர்ந்தது என்று எழுதிவிடுவது எளிது. ஆனால் போர்க்காலத்தில் இங்கிலாந்திலிருந்து புது இயந்திரம் வருவது ஏறக்குறைய நின்றுபோனது. இருக்கும் நூற்புக் கதிரையும் தறியையும் வைத்தே கூடுதல் துணி எடுக்க வேண்டும். 1911 சட்டப்படி வளர்ந்த ஆணுக்கு 12 மணி நேரம் வேலை. ஆகவே கூடுதல் உற்பத்தியின் சுமை யார் மேல் விழுந்தது என்பதே கேட்க வேண்டிய கேள்வி. 1917இல் அமைந்த இந்தியத் தளவாட வாரியத்தின் ஆவணங்களிலும், 1916–18 தொழில் ஆணையத்தின் சாட்சியத் தொகுதிகளிலும் இதைத் தேட இரு உறுப்பினர்கள் பொறுப்பேற்றிருக்கிறார்கள்.

ராணுவத்தில் சேர்ந்தவர்கள் கணக்கிலும் கவனம் வேண்டும். 1919 இறுதி வரை இந்தியாவில் திரட்டப்பட்டவர்களில் போர்வீரர் சுமார் 8 லட்சத்து 77 ஆயிரம். சமையல், சுமை, துப்புரவு, கால்நடை பார்க்கும் ஆட்கள் போன்ற போரிடாதவர் சுமார் 5 லட்சத்து 63 ஆயிரம். முதல் எண்ணை மட்டும் எடுத்தால் ஐந்தில் இரண்டு பங்கு மனிதர்கள் மறைந்துபோகிறார்கள். "போர்க்குடிகள்" (படைக்குத் தகுந்தவர்கள்) என்று அதிகாரிகள் போட்ட பட்டியலிலிருந்து சென்னை மாகாணத்து மக்கள் 1880கள் முதலே ஒதுக்கப்பட்டு வந்தார்கள். அந்தப் பட்டியல் பட்டியலிட்டவர்களின் எண்ணத்துக்குச் சான்றே தவிர, நம் மக்களின் தன்மைக்குச் சான்று அல்ல.

வாசிப்பு வட்டத்தில் ஐரோப்பியப் படைப் புரட்சி, அதாவது போர் முறையிலும் படை அமைப்பிலும் வந்த பெருமாற்றம் பற்றிய விவாதத்தைப் படித்தோம். 1955இல் வரலாற்றாசிரியர் மைக்கேல் ராபர்ட்ஸ் அதை 1560–1660 என்று வரையறுத்தார். பின்வந்தவர்கள், கோட்டையை அடிப்படையாகக் கொண்டால் முன்னும், நிலைப்படையின் அளவை அடிப்படையாகக் கொண்டால் பின்னும் நகர்த்தினார்கள். எதை அளக்கிறோம் என்பதைப் பொறுத்துக் காலமும் மாறும் என்பதற்கு நல்ல பயிற்சி.

வாய்மொழிப் பதிவு தொடர்கிறது. மில் 1996இல் மூடப்பட்டதால், கடைசித் தலைமுறைத் தொழிலாளர்கள் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். பேட்டி எடுப்பவர்கள் "எந்த வருஷம்?" என்று தொடங்க வேண்டாம், "எந்தக் கட்டு (ஆலையின் எந்தப் பிரிவு), கார்டிங்கா ஸ்பின்னிங்கா, எந்தச் சங்குக்கு உள்ளே போவீர்கள், மேஸ்திரி யார்?" என்று கேட்டால் வருஷம் தானாக வரும். 1921 பற்றி அவர்கள் சொல்வது தாத்தா சொன்னது. அதை அந்தத் தெருவின் நினைவாகப் பதியலாம், நேர்ச் சான்றாக எழுதக்கூடாது.

வீட்டில் பழைய சம்பளச் சீட்டு, தொழிற்சங்கச் சந்தா ரசீது, பி.எப். தாள், ஒர்க்ஸ் பாஸ் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து லேமினேட் செய்ய வேண்டாம், செல்லோடேப் ஒட்டவும் வேண்டாம். ஒட்டுப்பசை சில ஆண்டில் பழுப்பேறி மையைத் தின்றுவிடும். மடிப்பை விரித்து, வெள்ளைத் தாளுக்கு இடையில் வைத்து எடுத்து வாருங்கள். ஸ்கேன் செய்து உடனே திருப்பித் தருகிறோம். யாருடையது, எந்தக் கட்டில் வேலை பார்த்தவர் என்பதைத் தனித் தாளில் பென்சிலால் எழுதித் தாருங்கள்.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே தாக்கல் செய்வார். வரும் ஆண்டில் விலைப் பட்டியலை 1914 முதல் 1922 வரை மாதவாரியாக முடிப்பது, 1921 சான்றுகளைத் தரப்புவாரியாகத் தொகுத்துச் சிறு நூலாக வெளியிடுவது ஆகிய இரண்டையும் ஆட்சிக்குழு முன்மொழிகிறது. இவ்வறிக்கையை ஏற்று, அவ்விரு பணிகளுக்கும் ஒப்புதல் அளிக்குமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

நன்றி.

செயலாளர்