கை கற்றுக்கொள்வது

அன்புள்ள பாப்பாவுக்கு,

அன்றைக்கு போனில் நீ சொன்னது மனதிலேயே நிற்கிறது. "போன வாரம் என்ன செய்தேன் என்று கேட்டால் போட்டோவைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. இப்படியே போனால் நான் யாருன்னே மறந்துடும் போலிருக்குப்பா" என்றாய்.

எனக்கு ஹென்றி மொலெய்சன் ஞாபகம் வந்தார். அமெரிக்கர். வலிப்பு நோய்க்காக 1953இல், அவருடைய 27ஆவது வயதில், மூளையின் இரு பக்கமும், புது நினைவுகளைப் பதியவைக்கிற ஹிப்போகேம்பஸ் என்ற பாகத்தில் ஒரு பெரிய பகுதியை வெட்டி எடுத்தார்கள். வலிப்பு குறைந்தது. ஆனால் அதற்குப் பிறகு நடந்தது ஏறக்குறைய எதுவும் அவர் நினைவில் தங்கவில்லை. பேசிவிட்டுப் போனவர் சற்று நேரத்தில் திரும்பி வந்தால் புது ஆள்.

பிரெண்டா மில்னர் என்ற உளவியலாளர் அவருக்கு ஒரு வேலை கொடுத்தார். கண்ணாடியில் தெரியும் பிம்பத்தை மட்டும் பார்த்து, ஒரு நட்சத்திரத்தின் இரட்டைக் கோடுகளுக்கு நடுவே பென்சிலால் வரைய வேண்டும். நாமெல்லாம் செய்தாலும் முதலில் கோணல்மாணலாகத்தான் வரும். மூன்றாம் நாள் ஹென்றி அநேகமாகப் பிசகாமல் வரைந்தார். இதற்கு முன் வரைந்ததே அவருக்கு நினைவில்லை! மனதுக்குத் தெரியாமல் கை கற்றுக்கொண்டுவிட்டது. 2008இல் இறக்கும்வரை அவர் அதே பணிவான மனிதராக, குறுக்கெழுத்துப் பிரியராக இருந்தார் என்கிறார்கள்.

உனக்கு ஆச்சி முகம் நினைவில்லை என்பாய். தீபாவளிக்கு வந்தபோது ராத்திரி தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு அதன்மேல் இரண்டு தட்டு தட்டினாயே, அது ஆச்சி தட்டுகிற தட்டு. எனக்கும் உன் அம்மாவுக்கும் அந்தப் பழக்கமே கிடையாது. அதனால் போன வாரம் மறந்துபோனதைப் பற்றி நான் பெரிதாகக் கவலைப்படவில்லை.

என் கவலை வேறு. அதே தீபாவளியன்று வலது கையில் இட்லி, இடது கை போனைத் தடவிக்கொண்டிருந்தது. மெசேஜ் எதுவும் வரவில்லை, நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். யாரும் சொல்லித்தராமல் அந்தக் கையும் ஒன்றைப் படித்துவிட்டது. நீ மறந்துபோகும் நாட்களும் உனக்கு எதையாவது பழக்கிவிட்டுத்தான் போகின்றன. எதைப் பழக்குகின்றன என்று மட்டும் கொஞ்சம் பார்.

சரி, உபதேசம் போதும். ஞாயிற்றுக்கிழமை கூப்பிடு. போட்டோவைப் பார்க்காமல் அந்த வாரத்தில் ஏதாவது ஒரு நாளைப் பற்றிச் சொல். உன் மேனேஜரைத் திட்டுவதானால் ஸ்பீக்கரில் போடுகிறேன், அம்மாவுக்கு அதுதான் பிடிக்கும்.

அன்புடன்,
அப்பா