ரூமியின் சீடர் அல்லர் யூனுஸ்

ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் சூஃபிக் கவிஞர் ரூமியைப் பற்றி வந்த கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஆனால் துருக்கிய மொழியின் சூஃபிக் கவிஞர் யூனுஸ் எம்ரேயை 'ரூமியின் துருக்கியச் சீடர்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டதுதான் சுருக்கென்றது.

யூனுஸின் குரு தப்துக் எம்ரே. ரூமியை மௌலானா என்று குறிப்பிட்டு, 'மௌலானாவின் பார்வை நம்மீது பட்டது' என்று யூனுஸ் பாடியிருப்பது உண்மை. அது பெரியவருக்குச் செலுத்திய மரியாதை, அவ்வளவே. ரூமி பெரும்பாலும் எழுதியது அரசவையும் மதரசாவும் போற்றிய பாரசீகத்தில். யூனுஸ் பாடியதோ இன்றைய துருக்கியின் பெரும்பகுதியான அனத்தோலியாவின் குடியானவர்கள் வீட்டில் பேசிய துருக்கியில். 1243-இல் மங்கோலியரிடம் அப்பகுதியை ஆண்ட செல்ஜுக்குகள் தோற்றபின் ஊர்கள் நிலைகுலைந்து கிடந்த காலம் அது. எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் அவர் பாட்டை மனப்பாடமாக வைத்திருந்தார்கள். 1307-08 வாக்கில் அவர் இயற்றிய நீண்ட அறவுரைக் காவியம்கூடத் துருக்கியில்தான்.

பஞ்சத்தில் கோதுமை கேட்டு, காட்டுப் பழங்களைக் காணிக்கையாக எடுத்துக்கொண்டு ஹாஜி பெக்தாஷ் என்ற சூஃபி ஞானியிடம் யூனுஸ் போன கதை சுவையானது. "கோதுமை வேண்டுமா, அருள் வேண்டுமா?" என்று கேட்டாராம் பெரியவர். வீட்டில் பசி, கோதுமையே போதும் என்று வாங்கிக்கொண்டு கிளம்பிவிட்டார். பாதி வழியில் மனம் உறுத்தித் திரும்பி வந்தால், "உன் பூட்டின் சாவியைத் தப்துக்கிடம் கொடுத்தாகிவிட்டது" என்று பதில். பிறகு தப்துக்கின் மடத்துக்கு நாற்பது ஆண்டு விறகு சுமந்தார். ஒரு கோணல் விறகுகூடக் கிடையாது. ஏன் என்றதற்கு, "இந்த வாசலில் கோணல் விறகும் நுழையக் கூடாது" என்றாராம். மரபுக் கதைதான், ஆனாலும் ஒரு கவிஞனுக்கு இதைவிட நல்ல பயிற்சி எனக்குத் தோன்றவில்லை.

என் மருமகன் இஸ்தான்புல்லில் இருந்து கொண்டுவந்த 200 லிரா நோட்டின் பின்புறத்தில் அவர் உருவம் இருக்கிறது. பக்கத்தில் ஒரு புறா, ஒரு ரோஜா, 'அன்பு செய்வோம், அன்பு செய்யப்படுவோம்' என்ற அவர் வரி. எஸ்கிசெஹிர் அருகே ஒரு சமாதி, கராமனில் இன்னொன்று. உரிமை கோரும் ஊர்கள் வேறும் உண்டு. வெறும் சீடருக்கா இத்தனை போட்டி?

'யூனுஸே, கோணல்மாணலாகப் பேசாதே. உன்னை விசாரிக்க ஒரு மொல்லா காசிம் வருவான்' என்று அவர் பெயரில் ஒரு பாட்டு உண்டு. அந்தக் காசிமின் வேலையை இந்த ஒரு வாரம் நான் செய்திருக்கிறேன், கட்டுரையாளர் பொறுத்துக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
ஒரு நெடுநாள் வாசகர்