பரணிலிருந்து இறங்கிய இதழ்கள்

குன்னூர்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. தங்கச்சிக்கு முழங்கால் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்து, கைத்தடி இல்லாமல் நடக்க ஆரம்பித்துவிட்டார் என்று படித்த பிறகுதான் மனம் ஆறியது. இங்கே எல்லோரும் நலம். உறைபனி இந்த வருடம் சீக்கிரமே இறங்கிவிட்டது. கொழுந்து கருகிவிடுமோ என்று தோட்டம் வைத்திருப்பவர்கள் எல்லோரும் கவலையில் இருக்கிறார்கள்.

முக்கியமான செய்திக்கு வருகிறேன். நம் அச்சகம் இருந்த கட்டடத்தை விற்கப்போகிறார்கள். பரணில் கிடக்கும் நம் வாரப் பத்திரிகையின் கட்டுகளை என்ன செய்வது என்று, அதன் ஆசிரியராக இருந்த வாத்தியாரின் மகள் என்னிடம் கேட்டாள். பழைய பேப்பர்காரர் எடைக்கு எடுத்துக்கொள்ளத் தயாராக இருந்தாராம். நான் அன்றைக்கே வண்டி பிடித்துப் போய் எல்லாவற்றையும் வீட்டுக்கு ஏற்றிவந்துவிட்டேன். கூடத்தில் உட்கார இடம் இல்லை. பேத்திதான் தினமும் ஒரு கட்டைப் பிரித்து, வெயில் வரும்போது மாடியில் விரித்து உலர்த்துகிறாள். இந்த ஊர் ஈரத்துக்குக் காகிதம் இவ்வளவு காலம் தாங்கியதே பெரிது. அடிக்கட்டுகளில் ஓரமெல்லாம் பூஞ்சை பிடித்திருக்கிறது. பூச்சி துளைத்தவையும் உண்டு. ஆனாலும் பெரும்பகுதியைப் படிக்க முடிகிறது.

நேற்று 1978, 79ஆம் ஆண்டு இதழ்களைப் புரட்டினேன். அரசு எழுத்துச் சீர்திருத்த ஆணை போட்ட காலம். புது எழுத்து வாங்க வாத்தியாரிடம் பணம் ஏது? துதிக்கை வைத்த பழைய 'லை', 'னை' அச்சுகளைத் தேயும் மட்டும் ஓட்டினோம். அதனால் ஒரே செய்தியில் முதல் வரியில் பழைய 'லை', மூன்றாவது வரியில் புது 'லை' என்று கலந்து நிற்கிறது. எழுத்துக் கோக்கும் கம்பாஸிட்டர் பெரியவர் இரண்டையும் ஒரே எழுத்துப் பெட்டியில் பக்கத்துப் பக்கத்து அறைகளில் போட்டுவைத்து, பார்க்காமலே கை போட்டு எடுப்பார். குளிர்காலக் காலைகளில் மை இறுகிப்போய் உருளையில் பரவாது. கரி அடுப்புப் பக்கத்தில் டப்பாவை வைத்து இளக்கிக்கொண்டு, பிறகுதான் அவர் ட்ரெடில் அச்சு இயந்திரத்தை மிதிக்கத் தொடங்குவார். எழுத்துக் கோத்ததும் எடுக்கும் புரூப் தாள்களையெல்லாம் பார்த்துத் திருத்தியவன் நீ. உனக்கு நான் சொல்ல வேண்டியதே இல்லை.

செய்திகளைப் பார். முதல் பக்கத்தில் பச்சைத் தேயிலை விலை, குன்னூர் ஏல நிலவரம். கீழே எந்தத் தெருவுக்கு எந்தக் கிழமை தண்ணீர். எந்தக் கிராமத்துக்குக் கடைசி பஸ் நிறுத்தப்பட்டது, அதற்கு யார் யார் மனு கொடுத்தார்கள். கறுப்புக் கட்டம் போட்ட மரண அறிவிப்புகள். நிலச்சரிவில் வீடு போனவர்களின் பெயர்களை ஊர்வாரியாகப் போட்டிருக்கிறோம். பெரிய பத்திரிகைகள் "மலைப்பாதையில் மண் சரிவு, போக்குவரத்து பாதிப்பு" என்று எழுதியிருக்கும். அதுவும் தேவைதான். ஆனால் பாதை திறந்ததும் அவர்களுக்குச் செய்தி முடிந்துவிடும். வீடு போனவருக்குப் பட்டா கிடைத்ததா என்று அடுத்தடுத்த வாரங்களில் கேட்டு எழுதியது நம் நான்கு பக்கம்தான். சேரன் பஸ் கண்டக்டர்களிடம் கட்டைக் கொடுத்தனுப்பி, கோத்தகிரி, மஞ்சூர் டீக்கடைகள்வரை போய்ச் சேர்ந்த அந்த நான்கு பக்கம் ஒரு மாவட்டத்தின் நினைவு என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இந்த மலைக்கும் பத்திரிகைக்கும் உள்ள உறவு நேற்று வந்தது இல்லை. 19ஆம் நூற்றாண்டிலேயே ஊட்டியிலிருந்து 'சவுத் ஆஃப் இந்தியா அப்சர்வர்' ஆங்கிலத்தில் வந்தது. அது வெள்ளைக்காரர்களின் பத்திரிகை. எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிபவர் அயோத்திதாசப் பண்டிதர். இளமையில் நீலகிரியில் வாழ்ந்தவர். 1891 டிசம்பர் 1ஆம் தேதி திராவிட மகாஜன சபையின் மாநாட்டை ஊட்டியில் கூட்டியவர். பிறகு சென்னை இராயப்பேட்டையிலிருந்து 1907 ஜூன் 19 அன்று 'ஒரு பைசாத் தமிழன்' வார இதழைத் தொடங்கினார். அடுத்த ஆண்டிலிருந்து அது 'தமிழன்' ஆயிற்று. 1914இல் அவர் மறையும்வரை விடாமல் நடத்தினார். அவருடைய மைத்துனர் இரட்டைமலை சீனிவாசனும் ஊட்டியில் கணக்கராக வேலை பார்த்தவர்தான். 1893இல் 'பறையன்' இதழைத் தொடங்கினார். 'தமிழன்' பிரதிகளைச் சிலர் தலைமுறை தாண்டிக் காத்துவைத்திருந்தார்கள். அதனால்தான் 1999இல் அயோத்திதாசரின் எழுத்துகள் தொகுதிகளாக வர முடிந்தது, ஒரு பெரும் சிந்தனையாளரைத் தமிழ்நாடு மறுபடி படிக்க முடிந்தது. அந்தப் பிரதிகளும் எடைக்குப் போயிருந்தால்? இதை நினைத்துத்தான் பழைய பேப்பர்காரரிடம் எதையும் விடவில்லை.

என்னென்ன இதழ்கள் குறைகின்றன என்று ஒரு நோட்டில் எழுதிவருகிறேன். ஒவ்வொரு மார்ச் மாத முதல் இதழிலும் படிவம் 4 போடுவோமே, உரிமையாளர், வெளியிடுபவர், ஆசிரியர் பெயர், முகவரியோடு. அது இப்போது பெரிய உதவியாக இருக்கிறது. அச்சகம் எப்போது கை மாறியது, வாத்தியார் எந்த ஆண்டு ஆசிரியர் பொறுப்பு ஏற்றார் என்பதெல்லாம் அதிலிருந்தே தெரிந்துவிடுகிறது. 1867ஆம் ஆண்டுப் பத்திரிகைப் பதிவுச் சட்டம் போய் 2024 மார்ச் முதல் புதுச் சட்டம் வந்துவிட்டது என்று படித்தேன். எந்தச் சட்டமானாலும், அச்சிட்டவர் பெயரைத் தாளிலேயே போட வைத்த அந்த வழக்கம் நம்மைப் போன்றவர்களுக்குப் பெரிய கொடை.

ஆனால் படிவம் 4 சொல்லாத விஷயங்கள் இருக்கின்றன. அவை உனக்கு மட்டுமே தெரியும். எழுதியவர்களின் கையெழுத்துப் பிரதி முதலில் உன் மேஜைக்குத்தானே வரும்? கூடலூர்ப் பக்கமிருந்து புனைபெயரில் எழுதிவந்தவர் யார்? 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்த தோட்டத் தொழிலாளர்கள் லயங்கள் என்ற வரிசை வீடுகளில் பட்ட பாட்டை அவர் எழுதியிருக்கிறார். மழைக்கு ஒழுகும் கூரை, ரேஷன் அட்டைக்கு அலைந்தது, இங்கே வந்தும் 'சிலோன்காரர்' என்றே அழைக்கப்பட்டது எல்லாம் வாராவாரம் வந்திருக்கிறது. படிக்கும்போது இரண்டு முறை எழுந்து போய்விட்டேன், தொடர்ந்து படிக்க முடியவில்லை. அவர் குடும்பத்தார் யாராவது இருந்தால் இந்தப் பக்கங்களை அவர்கள் கையில் கொடுக்க வேண்டும். படுக மொழிப் பழமொழிகளைத் தமிழ் எழுத்தில் தொகுத்து அனுப்பிய அம்மாள் யார்? பெண்கள் பகுதி என்று வாத்தியார் தனியாக ஒதுக்காமல் அதை இரண்டாம் பக்கத்திலேயே போட்டிருக்கிறார். அதற்காகவே அவரைக் கும்பிடத் தோன்றுகிறது.

சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்கு எழுதலாம் என்றிருக்கிறேன். பழைய தமிழ் இதழ்களைக் காப்பதில் அவர்களுக்கு நல்ல அனுபவம் உண்டு. அதற்கு முன் வரிசை முழுமையாக வேண்டும். அச்சகத்தை விட்டு நீ கிளம்பியபோது முதல் இரண்டு ஆண்டு இதழ்களைத் தைத்துக் கொண்டுபோனாய் அல்லவா? இங்கே அந்த ஆண்டுகள் அறவே இல்லை. திருப்பூரில் உன் வீட்டு அலமாரியில் இருந்தால் தேடி எடுத்து வை. தபாலில் அனுப்பாதே, தொலைந்தால் வேறு பிரதி கிடையாது. தை மாதம் என் மருமகன் பனியன் சரக்கு எடுக்கத் திருப்பூர் வருகிறான். அவனிடம் கொடுத்துவிடு. புனைபெயர்களின் பட்டியலையும், தெரிந்த மட்டும் ஊர் பெயரோடு, ஒரு தாளில் எழுதி உள்ளே வைத்துவிடு.

தங்கச்சியையும் பிள்ளைகளையும் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
உன் பழைய அச்சக நண்பன்