வெட்டுத் தெரியாத இடம்

அன்புள்ள அண்ணாவுக்கு,

அம்மாவின் முதலாம் ஆண்டுத் திவசம் நேற்று முடிந்தது. நீங்கள் மூன்று தடவை கேட்டும் நான் பதில் எழுதாமலிருந்த மினி டிவி (MiniDV) வீடியோ நாடாக்களைத் தந்துவிடுவதென்று, ஐயர் போன பிறகு விறாந்தையில் இருந்தபடி முடிவெடுத்தேன். 41இல் 40ஐத் தருகிறேன். 17ஆவதைத் தரமாட்டேன். ஏனென்று உங்களுக்குத் தெரியும். இதை வாசிக்கும் மற்றவர்களுக்குத் தெரிய வேண்டியதில்லை.

கோடம்பாக்கத்தில் பிலிமைக் கையால் வெட்டி ஒட்டிப் பழகியவர் நீங்கள். 35 எம்எம்மில் ஓர் அடிக்கு 16 பிரேம், ஒரு செக்கனுக்கு 24 என்று எனக்கு வாய்ப்பாடு போலச் சொல்லித் தந்தீர்கள். 2002இல் போர்நிறுத்த உடன்படிக்கை வந்த பிறகு திருகோணமலைக்குத் திரும்பி, மற்றவர்கள் எடுத்ததை வெட்டி அலுத்துவிட்டது, இனி நானே எடுக்கப் போகிறேன் என்றீர்கள். பெட்டி தூக்க நான் வந்தேன்.

உங்கள் படத்துக்காக அம்மாவை எடுத்த அன்று, அவர் குசினி வாசலில் இருந்து அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். நீங்கள் கேள்வி எதுவும் கேட்கவில்லை. கமரா ஓடுவதை அவர் மறக்கும்வரை காத்திருந்தீர்கள். சுளகு நின்றது. தவிட்டுத் தூசி வெயிலில் மெல்ல இறங்கி முடியும்வரை அவர் பேசவில்லை. 11 செக்கன், வீடியோவில் செக்கனுக்கு 25 என்பதால் 275 பிரேம் என்று பின்னர் கணக்குப் பார்த்தோம். அதன்பின் ஒரு பெயரைச் சொன்னார். சொல்லிவிட்டு, சுளகில் ஒட்டியிருந்த உமியை முற்றத்தில் தட்டினார்.

அன்றிரவு தொலைபேசியில் அதை வெட்டச் சொன்னவன் நான்தான். அது 2007. இந்த ஊரிலேயே தொடர்ந்து குடியிருக்க வேண்டியவர்கள் நாங்கள். நினைத்தவுடன் சென்னைக்குப் போகக்கூடியவர் நீங்கள். இதற்கு மேல் இங்கே எழுத முடியாது.

நீங்கள் ஒரு வார்த்தை மறுக்காமல் வெட்டினீர்கள். பெயருக்கு முன்னும் பின்னும் உள்ளதை நேராக ஒட்டினால் அம்மாவின் தலை துள்ளும் என்பதால், நடுவில் இங்குள்ள பிரெட்ரிக் கோட்டை மான் ஒன்றின் காட்சியை வைத்து, அதன் மேல் சுளகுச் சத்தத்தை நிற்காமல் ஓட விட்டீர்கள். சத்தம் அறுபடாதவரை கண் சந்தேகப்படாது என்பது நீங்கள் சொல்லித் தந்ததுதான். ஆனால் பெயரைத்தானே வெட்டச் சொன்னேன்? அந்த 11 செக்கனை யார் வெட்டச் சொன்னது? மௌனத்தை மட்டும் விட்டுவைத்தால் பார்ப்பவர்கள் காரணம் கேட்பார்கள் என்று விளக்கம் சொன்னீர்கள். சரியான விளக்கம். அப்படிச் சரியாக யோசிக்க உங்களுக்கு ஓர் இரவு கூடத் தேவைப்படவில்லையே என்பதுதான் இன்றைக்கும் என் ஆற்றாமை.

கொழும்பில் திரையிட்ட அன்று, இவ்வளவு பட்ட அம்மா எப்படி இவ்வளவு அமைதியாக இருக்கிறார் என்று ஒருவர் கேட்டபோது, நான் எழுந்து, இயக்குநர் பாதியை வெட்டிவிட்டார் என்றேன். நீங்கள் திரும்பி என்னைப் பார்த்தீர்கள். வெட்டச் சொன்னது இவன்தான் என்று சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை. அதற்காக, அன்று அந்த மண்டபத்தில் இருந்தவர்களும் வாசிக்கக்கூடிய இந்த இடத்திலேயே மன்னிப்புக் கேட்கிறேன். அன்று எனக்குப் பயம் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பயம் போன பிறகும் இத்தனை வருடம் ஏன் பேசாமலிருந்தேன் என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை.

அம்மாவுக்கு வீட்டில் படத்தைப் போட்டுக் காட்டினேன். தன் பகுதி முடிந்ததும், "மான் நல்ல வடிவாயிருக்கு" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

உப்புக்காற்றில் சில நாடாக்களில் பூஞ்சணம் பிடித்திருக்கிறது. எனது கமரா நாடாவைத் தின்கிறது. வரும்போது ஒழுங்காக ஓடக்கூடிய ஒன்றைக் கொண்டு வாருங்கள். 17ஆவதை, விருப்பமென்றால், இங்கேயே கதவைச் சாத்திக்கொண்டு இருவரும் பார்க்கலாம்.

தம்பி
திருகோணமலை