பரிசு விழுந்தவரின் வீட்டு வாசலைப் படம் பிடிக்காதீர்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கேரள அரசு லாட்டரியின் ஓணம் பம்பர் குலுக்கலைப் பற்றித் தங்கள் நாளிதழில் வந்த செய்தியின் கடைசிப் பத்தியில், ‘நேர்வழியில் கிடைத்த பணம் என்றால் முகத்தை மறைப்பானேன்?’ என்று தங்கள் செய்தியாளர் கேட்டிருக்கிறார். பரிசு விழுந்தவர் ஊரார் முன் வந்து நிற்காததைக் குற்றமாக்கும் அந்த ஒரு வரி, இந்த நாளிதழைப் பல ஆண்டுகளாகக் காசு கொடுத்து வாங்கிப் படித்துவரும் என்னை மிகவும் புண்படுத்திவிட்டது.

2022-ஆம் ஆண்டு ஓணம் பம்பரில் முதல் பரிசான 25 கோடி ரூபாயைப் பெற்ற திருவனந்தபுரம் ஆட்டோ ஓட்டுநரின் நிலை தாங்கள் அறியாததல்ல. உதவி கேட்டு வருவோரின் தொல்லையால் சொந்த வீட்டில் தங்க முடியவில்லை என்றும், பணம் இன்னும் கைக்கு வரவில்லை என்று சொன்னாலும் எவரும் நம்புவதில்லை என்றும், இந்தப் பரிசு விழாமலே இருந்திருக்கலாம் என்றும் அவர் சில நாட்களிலேயே மனம் நொந்து பேசினார். அதன் பிறகு பெரிய பரிசு பெற்றவர்களில் சிலர் தங்கள் பெயரை வெளியிட வேண்டாம் என்று லாட்டரித் துறையைக் கேட்டுக்கொண்டதில் என்ன தவறு இருக்கிறது?

இன்னொன்றையும் தங்கள் செய்தியாளர்கள் எழுதுவதே இல்லை. 25 கோடியில் ஏஜென்ட் கமிஷன் 10 சதவீதம் போய், மீதியில் 30 சதவீதம் வருமான வரி பிடித்த பிறகு கணக்கில் சேருவது 15 கோடியே 75 லட்சம். அதிலிருந்தும் கூடுதல் வரியைப் பரிசு பெற்றவரே பின்னர் கட்ட வேண்டும். தலைப்பில் 25 கோடி என்று கொட்டை எழுத்தில் போட்டுவிடுவதால், பங்கு கேட்டு வருகிறவர்கள் எல்லோரும் முழுத்தொகையை வைத்தே கணக்குப் போடுகிறார்கள்.

இதைக் கேள்விப்பட்டு எழுதவில்லை. சில ஆண்டுகளுக்கு முன் என் தங்கையின் கணவருக்குச் சில லட்சம் ரூபாய் விழுந்தது. அவர் தேங்காய் மண்டியில் கணக்கு எழுதுபவர். சீட்டு விற்றவர் அவருடைய படத்தைப் பெரிதாகப் போட்டுக் கடை வாசலில் ஃபிளெக்ஸ் கட்டினார். உள்ளூர்ப் பதிப்பு ஒன்று தெருப் பெயரையும் எந்த வங்கியில் சீட்டைக் கொடுத்தார் என்பதையும் அச்சிட்டது. மறுநாள் காலையிலேயே, ஸ்கேன் படங்களைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு எடுத்துக்கொண்டு முன்பின் தெரியாத ஒரு பெரியவர் திண்ணையில் வந்து உட்கார்ந்துவிட்டார். அவர்மேல் எனக்குக் கோபமில்லை; அவருக்கு வழிகாட்டி அனுப்பிய செய்தியின் மேல்தான் கோபம். காலஞ்சென்ற சம்பந்தியின் கடன் என்று ஒரு பழைய நோட்டைக் காட்டி ஒருவர் சண்டைக்கு வந்தார். டியூஷன் போகும் மகளை வழிமறித்து, அப்பா வீட்டில் இருக்கிறாரா என்று ஆண்கள் விசாரித்தபோது என் தங்கை பட்ட கலக்கத்தை நான் கண்ணால் பார்த்தேன். கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது என்று நம் பெரியவர்கள் சொன்னதை அந்த வீட்டில் அனுபவித்தார்கள். கடைசியில் வாடகைக்கு வேறு ஊர் பார்த்துப் போனார்கள்.

பரிசு பெற்றவர் சீட்டைக் கையில் உயர்த்திப் பிடிக்கும் படத்தை, எண்ணும் பார்கோடும் தெளிவாகத் தெரியும்படி வெளியிடுவதும் நெடுநாள் வழக்கமாக இருக்கிறது. சீட்டை வங்கியில் ஒப்படைக்கும் முன்பே அப்படி ஒரு படம் வாட்ஸ்அப்பில் சுற்றினால் அது எத்தனை பேர் கைக்குப் போகும் என்பதைத் தங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

பிரிட்டனின் தேசிய லாட்டரியில் பரிசு பெற்றவர் சம்மதித்தால்தான் பெயர் வெளியாகும். அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயரில் 2018-இல் சுமார் 56 கோடி டாலர் பரிசு விழுந்த ஒரு பெண், சீட்டின் பின்புறம் சொந்தப் பெயரை எழுதிவிட்டதால் நீதிமன்றம் வரை போக நேர்ந்தது; ஊர்ப் பெயரைச் சொல்லலாம், அவர் பெயரைச் சொல்ல வேண்டாம் என்று நீதிபதி தீர்ப்பளித்தார். அவர்கள் எல்லாம் நேர்வழியில் பணம் பெறாதவர்களா?

2003 முதல் தமிழ்நாட்டில் லாட்டரிக்குத் தடை இருப்பதால், வாளையாறு போன்ற கேரள எல்லையோரக் கடைகளில் சீட்டு வாங்கும் தமிழர்களுக்குப் பரிசு கோரும் முறை சரியாகத் தெரிவதில்லை. யாரோ ஒருவரிடம் சீட்டைக் காட்டி விசாரிக்கப் போய்த்தான் விஷயம் ஊருக்குள் பரவுகிறது. சீட்டின் பின்புறம் உடனே பெயர், முகவரி எழுதிக் கையெழுத்திட வேண்டும், இருபுறமும் நகல் எடுத்து வைக்க வேண்டும், 30 நாட்களுக்குள் வங்கியிலோ லாட்டரி அலுவலகத்திலோ நேரடியாக ஒப்படைத்து ரசீது பெற வேண்டும், பெயரை வெளியிட வேண்டாம் என்றால் அப்போதே எழுத்தில் கொடுத்துவிட வேண்டும் என்பவற்றைத் தாங்கள் ஒருமுறை கட்டமிட்டு வெளியிட்டிருந்தால் எத்தனையோ குடும்பங்களுக்கு உதவியாக இருந்திருக்கும்.

ஆகவே, பரிசு பெற்றவர் எழுத்தில் சம்மதிக்காதவரை அவருடைய தெருப் பெயர், வீட்டின் படம், வங்கிக் கிளை ஆகிய மூன்றையும் தங்கள் நாளிதழில் வெளியிட வேண்டாம் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். மேலே சொன்ன விவரங்களை அடுத்த பம்பர் குலுக்கலுக்கு முன்பாக, முடிவுகள் வரும் பக்கத்திலேயே வெளியிட்டால் நன்றியுடையவனாக இருப்பேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
சித்தூர், பாலக்காடு மாவட்டம்.